நேர் மாறலும் விகிதமும்: விடை தவறினால் எங்கே பார்ப்பது

எட்டாம் வகுப்புப் பிள்ளையும் குரூப் 4 தேர்வுக்குப் படிப்பவரும் விகிதக் கணக்கில் ஒரே இடத்தில்தான் இடறுகிறார்கள். அந்த இடம் பெருக்கலும் அல்ல, வகுத்தலும் அல்ல. கோட்டூர்புரம் அண்ணா நூற்றாண்டு நூலகத்தில் திறனறிவுக் கணக்குகளைப் போட்டுப் பழகுகிறவர்களின் நோட்டைப் புரட்டினால் கணக்கீடு பெரும்பாலும் ஒழுங்காகவே இருக்கும். முதல் வரிதான் கோணியிருக்கும். கேள்வியைப் படித்து முடிக்கும் முன்பே கை எண்களை இரண்டு வரிசையாக எழுதிக் குறுக்கே பெருக்கத் தொடங்கிவிடுகிறது. குரூப் 4 தாளின் 200 வினாக்களில் 25 திறனறிவுக்கு உரியவை. அங்கே இந்தப் பழக்கம் மதிப்பெண்ணைத் தின்றுவிடும்.

உங்கள் தவறு எந்த வடிவில் வருகிறதோ அந்தத் தலைப்புக்கு நேராகப் போகலாம். வரிசையாகப் படிக்க வேண்டிய கட்டாயம் இல்லை. ஆனால் எந்தத் தலைப்புக்குப் போவதாக இருந்தாலும், பேனாவைத் திறக்கும் முன் மூன்று கேள்விகள் கேட்டுக்கொள்ளுங்கள். ஓர் அளவு பூச்சியமானால் மற்றதும் பூச்சியமாகுமா? ஒன்று இரு மடங்கானால் மற்றதும் இரு மடங்காகுமா? இரண்டுக்கும் ‘ஆம்’ என்றால்தான் நேர் மாறல். ஒன்றுக்காவது ‘இல்லை’ என்றால் மூன்றாவது கேள்விக்கு வாருங்கள்: இந்தக் கதையில் மாறாமல் நிற்பது எது? விகிதமா, பெருக்கற்பலனா, கூடுதலா, வித்தியாசமா, அல்லது ஒரே ஓர் அளவா? கணக்கில் பாதி வேலை இந்தக் கேள்விதான். மிச்சம் நான்காம் வகுப்புப் பெருக்கல்.

“விடை எதிர்த்திசையில் வருகிறது”

ஆட்களைக் கூட்டினால் நாட்களும் கூடுகின்றன. வேகம் ஏறினால் நேரமும் ஏறுகிறது. இப்படி வந்தால் எதிர் மாறலை, அதாவது இரண்டு அளவுகளின் பெருக்கற்பலன் மாறாமல் நிற்பதை, நேர் மாறலாக எழுதிவிட்டீர்கள் என்று பொருள்.

ஒரு குடியிருப்பில் 12 வீடுகள். 9,000 லிட்டர் லாரித் தண்ணீர் அவர்களுக்கு 4 நாட்கள் வருகிறது. வீடுகள் 16 ஆனால் எத்தனை நாட்கள் வரும்? குறுக்கே பெருக்கினால் ஐந்தேகால் நாளுக்கும் மேல் என்று வரும். 2019 கோடையில் பூண்டி, சோழவரம், செங்குன்றம், செம்பரம்பாக்கம் நான்கு ஏரிகளும் வறண்டு, லாரிக்குக் குடத்தோடு நின்ற ஊர் சென்னை. வீடு கூடினால் தண்ணீர் நீடிக்கும் என்று இங்கே யாரும் நம்பமாட்டார்கள், ஆனால் தாளில் எழுதிவிடுவார்கள்.

இங்கே மாறாதது லாரியில் உள்ள தண்ணீர். 12 வீடுகள் × 4 நாட்கள் = 48 ‘வீட்டு நாட்கள்’. அதை 16 வீடுகளுக்குப் பங்கிட்டால் 3 நாட்கள். எல்லா வீடுகளும் ஒரே அளவு செலவழிக்கின்றன என்ற நிபந்தனை இதில் மறைந்திருக்கிறது. கேள்வி அதைச் சொல்லாவிட்டாலும் நாம்தான் எடுத்துக்கொள்கிறோம் என்பது நினைவில் இருக்கட்டும்.

‘ஒன்று கூடும்போது மற்றொன்று குறைந்தால் எதிர் மாறல்’ என்று மனப்பாடம் செய்தவர்களுக்கு ஓர் எச்சரிக்கை. அது அரை உண்மை. அதே 9,000 லிட்டர் தொட்டியில் கொட்டப்பட்டு நாளுக்கு 2,250 லிட்டர் வீதம் குறைகிறது. முதல் நாள் முடிவில் 6,750, இரண்டாம் நாள் முடிவில் 4,500 லிட்டர் மிச்சம். நாள் கூடுகிறது, மிச்சம் குறைகிறது. ஆனால் 1 × 6,750 வேறு, 2 × 4,500 வேறு. பெருக்கற்பலன் நிலையாக இல்லையே, பிறகு எப்படி அது எதிர் மாறலாகும்? திசையைப் பார்த்துப் பெயர் வைக்காதீர்கள். இரண்டு இடங்களில் பெருக்கிப் பார்த்துவிட்டுப் பெயர் வையுங்கள்.

“திசை சரி, பெருக்கல் சரி, ஆனாலும் விடை கொஞ்சம் தள்ளி நிற்கிறது”

இதுதான் மிக அதிகம் ஏமாற்றுவது. விடை நம்பும்படியாக இருப்பதால் யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை.

சென்னை ஆட்டோ மீட்டருக்கு 2013-இல் தமிழக அரசு நிர்ணயித்த கட்டணத்தை எடுத்துக்கொள்வோம்: முதல் 1.8 கிலோமீட்டருக்குக் குறைந்தபட்சம் 25 ரூபாய், அதற்கு மேல் ஒவ்வொரு கிலோமீட்டருக்கும் 12 ரூபாய். (அந்தக் கட்டணத்துக்கு வண்டி கிடைக்குமா என்பது வேறு பாடத்தில் வரும் கேள்வி.) 3.8 கி.மீ. பயணத்துக்கு 49 ரூபாய் ஆகிறது. அதன் இரு மடங்கான 7.6 கி.மீ.க்கு எவ்வளவு?

விகிதசமம் எழுதினால் 98 ரூபாய். மீட்டர் காட்டுவது 25 + 5.8 × 12, அதாவது 94 ரூபாய் 60 காசு. தூரம் கூடக்கூடக் கட்டணமும் கூடுகிறது; கிலோமீட்டருக்கு இவ்வளவு என்று நிலையான வீதமும் இருக்கிறது. ஆனாலும் இது நேர் மாறல் அல்ல. பூச்சியச் சோதனை உடனே காட்டிக்கொடுக்கும்: ஏறி உட்கார்ந்து, ஓர் அடிகூட நகராமல் இறங்கினாலும் 25 ரூபாய் நிற்கிறது. வரைபடத்தாளில் குறித்தால் கோடு ஆதிப்புள்ளி வழியே போகாது.

சரிசெய்யும் வழி எளிது: ஒட்டிக்கொண்டிருக்கும் நிலையான பகுதியை முதலில் கழற்றி வையுங்கள். 25 ரூபாயையும் 1.8 கிலோமீட்டரையும் கழித்துவிட்டால் மிச்சக் கட்டணம் மிச்சத் தூரத்துக்கு நேர் மாறலில் இருக்கிறது, மாறிலி (ஒன்றை மற்றொன்றால் வகுத்தால் எப்போதும் வரும் எண்) 12. கழித்த பிறகு குறுக்கே பெருக்குங்கள், தடையில்லை. ‘மீட்டருக்கு மேல் இருபது ரூபாய் கொடுங்கள்’ என்று ஓட்டுநர் கேட்பது இந்த நிலைப்பகுதியை 45 ஆக்குவதுதான். மாறிலி 12 அப்படியே இருக்கும். ‘மீட்டருக்கு ஒன்றரை மடங்கு’ என்று கேட்டால் இரண்டும் சேர்ந்து ஏறும். நீண்ட பயணத்துக்கு எது லாபம் என்று நீங்களே போட்டுப் பாருங்கள்.

நிலைப்பகுதி எவ்வளவு என்று கேள்வி சொல்லாமல் மறைத்தால்? அப்போது கட்டாயம் இரண்டு தகவல்கள் தந்திருப்பார்கள். ஒரு மண்டபத்தில் விருந்துச் செலவு 100 பேருக்கு 32,000 ரூபாய், 150 பேருக்கு 45,000 ரூபாய். 250 பேருக்கு எவ்வளவு? முதலில் 32,000-ஐ 100 ஆல் வகுத்துப் பாருங்கள்: 320. இரண்டாவதில் 300. தலைக்கு ஆகும் செலவு ஒத்துவரவில்லை, எனவே நேர் மாறல் இல்லை. இப்போது வித்தியாசங்களை எடுங்கள். 50 பேர் கூடியதற்கு 13,000 கூடியிருக்கிறது, தலைக்கு 260. 100 பேருக்கு 26,000 போக மிச்சம் 6,000 ரூபாய், யாருமே வராவிட்டாலும் கொடுக்க வேண்டிய மண்டபச் செலவு. ஆக 250 பேருக்கு 65,000 + 6,000 = 71,000. நூறு பேர் கணக்கை மட்டும் வைத்து இரண்டரை மடங்கு ஆக்கியவர் 80,000 என்று எழுதியிருப்பார். கல்யாண வீட்டுக்காரருக்கு 9,000 ரூபாய் சின்னத் தொகை அல்ல.

கேள்வியில் ‘ஒரு பகுதி மாறாதது, மற்றொரு பகுதி நேர் மாறலில் உள்ளது’ என்ற சொற்றொடர் கண்ணில் பட்டால் இந்த வகைதான். இரண்டு தகவல்கள் இல்லாமல் தொடங்காதீர்கள்.

“4:1 என்றால் நான்கில் ஒன்றா, ஐந்தில் ஒன்றா?”

ஐந்தில் ஒன்று. இட்லிக்கு அரிசியும் உளுந்தும் 4:1 என்றால் மொத்தம் ஐந்து பங்கு. இரண்டும் சேர்ந்து இரண்டரைக் கிலோ ஊறவைக்க வேண்டுமானால் ஒரு பங்கு அரைக் கிலோ. அரிசி 2 கிலோ, உளுந்து அரைக் கிலோ. இரண்டரையை நான்கால் வகுத்தவருக்கு உளுந்து 625 கிராம் வரும். அதன் நான்கு மடங்கு அரிசி இரண்டரைக் கிலோ. கூட்டினால் மூன்று கிலோவைத் தாண்டிவிடும். சோதனை அங்கேயே இருக்கிறது: பங்குகளைக் கூட்டினால் மொத்தம் திரும்பி வர வேண்டும்.

தங்கத்தில் இது தலைகீழாகக் குழப்பும். 22 காரட் என்பது 24 பங்கில் 22 பங்கு தங்கம். அதாவது அது ஏற்கெனவே பகுதிக்கும் முழுமைக்கும் உள்ள ஒப்பீடு. 22:24 என்று எழுதிவிட்டு 46 ஆல் வகுப்பவர்கள் இருக்கிறார்கள். தங்கத்துக்கும் சேர்ந்த செம்பு, வெள்ளிக்கும் உள்ள விகிதம் 22:2, சுருக்கினால் 11:1. ஒரு சவரன் 8 கிராம். அதில் சொக்கத் தங்கம் 8 × 22 ÷ 24, ஏறத்தாழ 7.33 கிராம். தியாகராய நகர்க் கடைகளில் செய்கூலியையும் சேதாரத்தையும் பேசுவதற்கு முன் தெரிந்திருக்க வேண்டிய எண்.

கொத்தனார்கள் இதில் தடுமாறுவதே இல்லை. 1:2:4 கான்கிரீட் என்றால் ஒரு பாண்டு சிமெண்ட், இரண்டு பாண்டு மணல், நான்கு பாண்டு ஜல்லி என்று எண்ணிப் போட்டுவிடுவார்கள். 21 பாண்டுப் பொருள் வேண்டுமென்றால் 3, 6, 12. கிடைக்கும் கான்கிரீட்டும் 21 பாண்டு இருக்காது என்பது அவர்களுக்குத் தெரியும். ஜல்லி இடுக்கில் மணலும் மணல் இடுக்கில் சிமெண்டும் போய் அடங்கிவிடும். அதனால்தான் பொறியாளர்கள் வேண்டிய கான்கிரீட்டின் கன அளவை 1.54 ஆல் பெருக்கி உலர்பொருளைக் கணக்கிடுகிறார்கள். தேர்வுத் தாளில் இந்தச் சுருக்கம் கிடையாது. அங்கே மணலும் ஜல்லியும் பக்கத்தில் பக்கத்தில் மரியாதையாக நிற்கும்.

“விகிதம் நடுவில் மாறினால் எதைப் பிடித்துக்கொள்வது?”

மாறாததை. இந்த வகைக்கு வேறு வைத்தியம் இல்லை.

கோடையில் தெருமுனை நீர்மோர்ப் பந்தல். தயிரும் தண்ணீரும் 1:3 விகிதத்தில் 24 லிட்டர் மோர் இருக்கிறது. கூட்டம் கூடியதால் 1:5 ஆக்க வேண்டும். எத்தனை லிட்டர் தண்ணீர் சேர்ப்பது? தண்ணீரை மட்டுமே ஊற்றுகிறோம், தயிர் மாறவில்லை. தயிர் 24-இல் நான்கில் ஒன்று, 6 லிட்டர். புதிய கலவையில் தண்ணீர் அதன் ஐந்து மடங்கு, 30 லிட்டர். முன்பு இருந்தது 18. சேர்க்க வேண்டியது 12 லிட்டர். ‘3 பங்கிலிருந்து 5 பங்கு, ஆகவே இரண்டு பங்கு கூட்டு’ என்பதும் இங்கே சரியாக வரும். காரணம், தயிர் இரண்டு விகிதத்திலும் 1 என்றே எழுதப்பட்டிருக்கிறது. 2:7 என்று கேட்டிருந்தால் 2:6-ஐயும் 2:7-ஐயும் ஒப்பிட வேண்டும்.

வயதுக் கணக்கில் மாறாதது வித்தியாசம். மகளுக்கும் தாய்க்கும் இன்று வயது விகிதம் 1:4; 6 ஆண்டுகள் கழித்து 1:3. முதல் விகிதத்தில் வித்தியாசம் 3 பங்கு, இரண்டாவதில் 2 பங்கு. உண்மையில் இரண்டும் ஒரே எண்ணிக்கை ஆண்டுகள்தான், எனவே இரண்டையும் 6 பங்காக்குங்கள்: 2:8, பிறகு 3:9. மகள் 2 பங்கிலிருந்து 3 பங்குக்கு வந்திருக்கிறாள். அந்த ஒரு பங்குதான் 6 ஆண்டுகள். இன்று மகளுக்கு 12, தாய்க்கு 48. சமன்பாடு எழுதியும் செய்யலாம். ஆனால் இந்த முறையில் மனத்திலேயே முடிந்துவிடும்.

ஒருவர் மற்றவருக்குப் பணம் கொடுத்தால் மாறாதது கூடுதல். இருவரில் ஒருவர் மட்டும் செலவழித்தால் மாறாதது செலவழிக்காதவரின் பணம். ஒவ்வொன்றுக்கும் தனிச் சூத்திரம் விற்கும் கையேடுகள் இருக்கின்றன, வாங்க வேண்டாம்.

“இரு மடங்கு என்றேன், விடைக்குறிப்பில் நான்கு மடங்கு”

பரப்பு நுழைந்திருக்கிறது. ஓர் அடிச் சதுர ஓடுகள் 144 தேவைப்படும் அறைக்கு இரண்டு அடிச் சதுர ஓடுகள் எத்தனை வேண்டும்? 72 அல்ல, 36. ஓட்டின் பக்கம் இரு மடங்கானால் அது மூடும் இடம் நான்கு மடங்கு. வரைபடத்திலும் இதே கதை. 1:50,000 அளவுத்திட்டத்தில் ஒரு சென்டிமீட்டர் என்பது அரைக் கிலோமீட்டர். ஆனால் ஒரு சதுர சென்டிமீட்டர் என்பது கால் சதுரக் கிலோமீட்டர்.

நீளங்களின் விகிதம் எங்கே செல்லும், எங்கே செல்லாது என்பதற்குச் சென்னையிலேயே பெரிய சான்று இருக்கிறது. 1802-இல் வில்லியம் லாம்டன் பரங்கிமலைப் பக்கத்தில் ஏறத்தாழ ஏழரை மைல் நீளத்துக்கு ஓர் அடிக்கோட்டைச் சங்கிலி பிடித்து அளந்தார்; இந்திய நிலப்பரப்பின் மாபெரும் முக்கோண அளவீடு அங்கிருந்துதான் கிளம்பியது. ஒரு பக்கத்தை அளந்துவிட்டு, மற்றவற்றுக்குக் கோணங்களை மட்டும் பார்த்து நீளம் சொல்லும் முறை அது. அதில் பக்கம் எதிர்க்கோணத்துக்கு நேர் மாறலில் இருப்பதாக நினைத்தால் கணக்கு கடலில் போய் விழும். பக்கம் நேர் மாறலில் இருப்பது கோணத்தின் சைன் மதிப்புக்கு (செங்கோண முக்கோணத்தில் எதிர்ப்பக்கத்தைக் கர்ணத்தால் வகுத்தால் வருவது). 30 பாகையின் சைன் 0.5; கோணத்தை இரட்டித்து 60 ஆக்கினால் 1 வராது, ஏறத்தாழ 0.866 தான் வரும். இரட்டிப்புச் சோதனையை எண்களை வைத்தே செய்ய வேண்டும் என்று சொல்வது இதற்காகத்தான்.

நிழல் கணக்கில் நிபந்தனை நேரம். 5 அடிக் குச்சியின் நிழல் 3 அடி விழும்போது, 1959-இல் திறக்கப்பட்ட அண்ணா சாலை எல்.ஐ.சி. கட்டடத்தின் நிழல் 106.2 அடி என்றால் உயரம் 177 அடி. இரண்டு நிழலும் ஒரே வேளையில் அளக்கப்பட்டிருக்க வேண்டும். ஒரு மணி நேரம் தள்ளி அளந்தால் மாறிலியே மாறிப்போகும். ஏப்ரல் கடைசி வாரத்திலும் ஆகஸ்ட் மூன்றாம் வாரத்திலும் ஒரு நாள் நண்பகலில் சென்னையில் சூரியன் நேர் உச்சிக்கு வரும். அப்போது குச்சிக்கும் நிழல் இல்லை, கட்டடத்துக்கும் இல்லை; பூச்சியத்தால் வகுக்கச் சொல்லி எந்தக் கேள்வித்தாளும் கேட்காது.

“விடை பத்து மடங்கு, நூறு மடங்கு தவறுகிறது”

அலகு. 750 கிராமுக்கும் 2 கிலோவுக்கும் விகிதம் 750:2 அல்ல, 3:8. மனைக் கணக்கில் கிரவுண்டு 2,400 சதுர அடி, சென்ட் 435.6 சதுர அடி. ஐந்தரை சென்ட் ஏறத்தாழ ஒரு கிரவுண்டு. விகிதம் எழுதும் முன் இரு பக்கமும் ஒரே அலகுக்கு வந்துவிட வேண்டும். இதற்கு மேல் இதில் சொல்ல ஒன்றுமில்லை.

“கலவைக் கணக்கில் விகிதம் இடம் மாறிவிடுகிறது”

ஆவின் நீலப் பாக்கெட்டில் கொழுப்பு 3 சதவீதம், ஆரஞ்சில் 6, பச்சையில் 4.5. நீலத்தையும் ஆரஞ்சையும் சம அளவு கலந்தால் பச்சையின் கொழுப்பு வரும். இது யாருக்கும் புரியும். 4 சதவீதம் வேண்டுமென்றால்? நான்கு, மூன்றுக்கு அருகில் இருக்கிறது. ஆகவே நீலம்தான் அதிகம் வேண்டும். இந்த ஒரு வாக்கியத்தை முதலில் எழுதிவிட்டால் இடம் மாறாது. தூரங்கள் 1, 2. அருகில் இருப்பதற்குப் பெரிய எண்: நீலம் 2, ஆரஞ்சு 1. சரிபார்க்க: 3 + 3 + 6 = 12, மூன்றால் வகுத்தால் 4.

“மூன்று நான்கு அளவுகள் சேர்ந்து வந்தால் அம்புக்குறிகளில் தொலைந்துபோகிறேன்”

அம்புக்குறியே போடாதீர்கள். ஜூன் மாதம் பள்ளி திறக்கும் முன் சீருடை தைக்கும் கடை. 6 தையல்காரர்கள் நாளுக்கு 8 மணி நேரம் வீதம் 5 நாட்களில் 120 சட்டைகள் தைக்கிறார்கள். 10 பேர் நாளுக்கு 6 மணி நேரம் வேலை செய்தால் 300 சட்டைகளுக்கு எத்தனை நாட்கள்?

மாறாதது ஒரு சட்டைக்கு ஆகும் உழைப்பு. 6 × 8 × 5 = 240 மணி நேரத்தில் 120 சட்டைகள்; ஒன்றுக்கு 2 மணி நேரம். 300 சட்டைகளுக்கு 600 மணி நேரம். புதிய குழு நாளொன்றுக்குத் தருவது 60 மணி நேரம். 10 நாட்கள். எது நேர், எது எதிர் என்று ஒவ்வோர் அளவுக்கும் தனித்தனியாக அம்புக்குறி போட்டு முடிவு செய்யும் கூட்டு மாறல் முறையும் இதே விடையைத் தரும். ஆனால் ஒரு அம்பு திரும்பினால் போதும், மொத்தமும் போய்விடும். இப்படி ‘ஒன்றுக்கு எவ்வளவு’ என்று பார்க்கும் ஓரலகு முறை சின்னப் பிள்ளைகளுக்கு உரியது என்று அதை ஒதுக்குகிறவர்களே இதில் அதிகம் விழுகிறார்கள்.

“இரண்டு விகிதங்களை இணைக்கத் தெரியவில்லை”

முதலாமவருக்கும் இரண்டாமவருக்கும் 2:3, இரண்டாமவருக்கும் மூன்றாமவருக்கும் 4:5. பொதுவானவர் இரண்டாமவர், அவர் ஓரிடத்தில் 3, இன்னோரிடத்தில் 4. இரண்டையும் 12 ஆக்குங்கள்: 8:12:15.

“நேரம் போதவில்லை”

நான்கு விடைகள் கொடுத்திருந்தால் கணக்கைப் போடும் முன்பே சிலவற்றை அடித்துவிடலாம். வகுப்பில் மாணவர், மாணவியர் விகிதம் 4:5 என்றால் மொத்தம் 9-இன் மடங்காகத்தான் இருக்க முடியும். கொடுத்த விடைகள் 40, 48, 54, 56 என்றால் வேலை முடிந்தது. இந்தக் குறுக்குவழி ஆட்கள், நாற்காலிகள், சட்டைகள் போல முழு எண்ணாக மட்டுமே வருபவற்றுக்குத்தான். லிட்டரும் ரூபாயும் ஒன்பதால் வகுபடாமலும் 4:5 என்று பிரியும்.